ஜீப்பை ஓட்டியது யார்?

மாசானம் அரசாங்க ஜீப் டிரைவர். பெரிய என்ஜினீயர் தணிகாசலம் சொல்லித்தான் அலுவலகச் சிமெண்ட் மூட்டைகளை அவருடைய புது வீட்டுக்கு ஏற்றிக்கொண்டு போனான். விஷயம் வெளியே வந்ததும் பழி முழுவதும் அவன் தலையில் விழுந்தது. வேலை போயிற்று, பென்சனும் போயிற்று. படுத்த படுக்கையாகிவிட்ட மனைவி பேச்சிக்கு மருந்து வாங்க வழியில்லை. கருணைத் தொகையாவது கிடைக்குமா என்று மனுவோடு அதே தணிகாசலத்தின் முன்னால் போய் நின்றான்.

அலுவலகமே கேட்கும்படி அவர் சொன்னார்: “டிஸ்மிஸ் ஆனவனுக்குப் பழைய சர்வீஸ் எல்லாம் ரத்து. சட்டப்படி நீ இங்கே ஒருநாள்கூட வேலை பார்க்கலை.”

“அப்படீங்களா ஐயா,” என்றான் மாசானம் பணிவாக. “நான் வேலையே பார்க்கலைன்னா, அன்னைக்குச் சிமெண்ட் ஏத்திக்கிட்டுப் போன ஜீப்பை யாரு ஓட்டினது? வண்டியில வேற ஆள் நீங்க மட்டும்தானே இருந்தீங்க?”

எல்லோரும் நிமிர்ந்து பார்த்தார்கள். தணிகாசலத்தின் முகம் வெளுத்துவிட்டது. மனுவை அவன் கையிலேயே திருப்பிக் கொடுத்தார்.

வீட்டில் பேச்சி கேட்டாள்: “என்ன சொன்னாரு?”

“நான் கேட்ட கேள்விக்கு அவரால வாயே திறக்க முடியலை.”

“சரி, பணம் தருவாங்களா?”

மாசானம் சுவரைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்துகொண்டான்.