சந்தனம் பூசிய மடைப்பலகை

மலையடிவாரக் காட்டில் நரி முதலாளி ஒருவர் கறையான் மருந்து செய்து விற்று வந்தார். எட்டிக்கொட்டை, எருக்கம்பால், இன்னும் என்னென்னவோ போட்டு, குகைக்குள் யானை உயரக் கொப்பரையில் ஊறவைப்பார்கள். அதற்கு நெருப்பே வேண்டாம். சரக்கு தானாகவே சூடேறும். அதை அடக்க, கொப்பரையைச் சுற்றி அருவித் தண்ணீர் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். தண்ணீர் நின்றால் கொப்பரை பொங்கும். அந்தப் புகையைச் சுவாசித்த ஜீவன் பிழைக்காது.

குகைக்கு மேலே பாறையில் இருந்த மடைக்குக் காவல், ஆவுடை என்ற நீர்நாய். கொப்பரையின் சத்தத்தை வைத்தே அதன் சூட்டைச் சொல்லிவிடுவாள். இரண்டு குட்டிகளைத் தனியாக வளர்த்து வந்தாள்.

ஆயுத பூஜை வந்தது. அன்று எந்தக் கருவியும் அசையக் கூடாது என்பது ஆலை வழக்கம். உலக்கை, வாளி, மடைப்பலகை எல்லாவற்றையும் கழுவிச் சந்தனம் வைத்து ஓய்வு கொடுப்பார்கள். மற்ற வருஷங்களில் இரண்டு நாள் முன்பே கொப்பரையைக் காலி செய்துவிடுவார்கள். இந்த வருஷம் பெரிய ஆர்டர். காலி செய்ய நரிக்கு மனசு வரவில்லை.

"பலகையை இறக்கிப் பொட்டு வை, ஆவுடை!" என்றார் மேஸ்திரி குரங்கு.

ஆவுடை குகைப் பக்கம் கையைக் காட்டினாள். "மேஸ்திரி, கொப்பரை நிறையச் சரக்கு கெடக்கு. தண்ணிய நிறுத்துனா பொங்கிடும்!"

"நாலு நாழிகைதானே! பூஜை முடிஞ்சதும் தெறந்துக்கோ."

"ரெண்டு நாழிகைகூடத் தாங்காது!"

சத்தம் கேட்டு நரி முதலாளியே வந்துவிட்டார். புது வேட்டி, நெற்றியில் பட்டை. "என்ன ஆவுடை, நல்ல நாளும் அதுவுமா அபசகுனமாப் பேசுற? சிங்கராஜாவே வர்றாரு. இன்னிக்குப் பலகை ஆடினா சாமி குத்தமாயிடாதா? நாலு நாழிகையில குடியா முழுகிடப் போகுது?"

"ஆவுடைக்கும் கொப்பரைக்கும் கல்யாணமே பண்ணி வெச்சுடலாம், மொதலாளி!" என்றார் பக்கத்தில் வாளி கழுவிக்கொண்டிருந்த முள்ளம்பன்றி. எல்லாரும் கொல்லென்று சிரித்தார்கள்.

இன்னொரு தடவை சொன்னால் வேலை போய்விடும். ஆவுடை மடைப்பக்கம் திரும்பினாள். தானே பலகையை இறக்கினாள். தானே பொட்டும் வைத்தாள்.

காடே பூஜைக்குத் திரண்டது. உயர்ந்த மேடையில் சிங்கராஜாவும் நரியும் உட்கார்ந்தார்கள். கீழே மைதானத்தில் பிள்ளை குட்டிகளோடு மற்றவர்கள். ஆவுடையின் குட்டிகளும் கன்னம் நிறையப் பொரியை அடைத்துக்கொண்டு ஓடி விளையாடினார்கள். அவளுக்குக் காதெல்லாம் குகைப் பக்கமே இருந்தது.

சாம்பிராணி போடும்போது அந்தச் சத்தம் கேட்டது. உலைமூடி தூக்கி அடிப்பதுபோலக் கொப்பரை மூடி டக் டக்கென்று அடித்தது. ஆவுடை மடைக்குப் பாய்ந்தாள். பலகைக்கு மாலை போட்டு, முன்னால் படையலும் வைத்திருந்தார்கள். இலையை மிதித்து, மாலையைப் பிய்த்தாள். மேஸ்திரி ஓடிவந்து அவள் வாலைப் பிடித்து இழுத்தார்.

"அடிப்பாவி! சாமி பலகையில கால வெக்கிறியே!" இன்னும் இரண்டு பேர் சேர்ந்து அவளை அமுக்கினார்கள்.

"விடுங்கய்யா! கீழே புள்ளைங்க இருக்கு! விடுங்க!"

மூடி வெடித்துப் பறந்தது. வெள்ளைப் புகை குகை வாயிலிருந்து இறங்கித் தரையோடு தரையாக ஊர்ந்தது. முன்வரிசையில் இருந்த முயல் குடும்பம் கும்பிட்ட கையோடு சாய்ந்தது.

"மேட்டுக்கு ஓடுங்க! பள்ளத்துல எறங்காதீங்க!" என்று ஆவுடை கத்தினாள். யார் கேட்டார்கள்? காட்டுத் தீக்குப் பழகிய கால்கள் எல்லாம் குளத்தைப் பார்த்தே ஓடின. குளம் பள்ளத்தில் இருந்தது. புகையும் அங்கேதான் போனது.

ஆவுடை மூச்சைப் பிடித்துக்கொண்டு புகைக்குள் இறங்கினாள். சின்னவளைக் கவ்வி வந்து பாறைமேல் போட்டாள். மறுபடி இறங்கினாள். பெரியவனைக் காணவில்லை. ஆபத்து என்றால் தண்ணீருக்கு ஓடு என்று, நடக்கத் தொடங்கிய நாளிலேயே அவனுக்குச் சொல்லிக் கொடுத்தவள் அவள்தான். புகை கலைந்த பிறகு குளக்கரையில் அவனைக் கண்டெடுத்தாள்.

மறுநாள், செத்தவர்களைப் புதைக்க இடம் போதவில்லை. சிங்கராஜா விசாரணை வைத்தார். "தண்ணியை நிறுத்தச் சொன்னது யாரு?"

"அது வழக்கம், மகாராஜா!" என்றார் நரி. "எல்லாம் சாமி குத்தம்! இவ மாலையைப் பிச்சா, உடனே கொப்பரை வெடிச்சுது. எல்லாரும் பார்த்தாங்களே!"

கூட்டத்தில் பாதிப் பேர் தலையாட்டினார்கள். பிள்ளையைப் பறிகொடுத்தவர்கள்கூட ஆட்டினார்கள். அந்தக் கொடுமையை என்னவென்று சொல்வது!

ஆவுடை எழுந்து நின்றாள். "மாலையைப் பிச்சது நான்தான். அதுக்கு முன்னாடி பலகையை எறக்குனதும் நான்தான். பொங்கும்னு எனக்குத் தெரியும். சொன்னேன், சிரிச்சீங்க. வேலை போயிடுமேன்னு இந்தக் கையாலேயே எறக்குனேன். எம் மவனுக்கு நான் பதில் சொல்லிக்கிறேன். செத்துப்போன மத்தவங்களுக்கெல்லாம் யாரு சொல்லப் போறீங்க?"

செத்தவர்களில் முள்ளம்பன்றியும் ஒருவர்; அவர் மனைவி மட்டும் ஓவென்று அழுதாள்.

அபாயம் அறிந்தவரின் சொல்லை அபசகுனம் என்று அடக்குகிற இடத்தில், எந்த நல்ல நாளும் காப்பாற்ற வராது.