சோம்பாற்றின் மூன்று வளைவுகள்

வெகு வெகு காலத்துக்கு முன்னால், மலையே இல்லாத ஒரு தட்டை நாட்டில் சோம்பாறு என்று ஓர் ஆறு ஓடியது. ஓடியது என்று சொன்னால் அதற்கே சிரிப்பு வரும், நடந்தது. இந்த ஊரில் வளைந்து, அந்த ஊரில் நெளிந்து, போகிற இடமெல்லாம் வண்டலை இறக்கி வைத்துவிட்டு, ஆற அமரக் கடலுக்குப் போகும்.

அந்த நாட்டு ராஜா துரிதவர்மனுக்குப் பாயசம் பிடிக்கும், தாமதம் பிடிக்காது. ஒருமுறை கடலாடப் படகில் புறப்பட்டார்.

"என்னப்பா இது, காலையில் இடது பக்கம் பார்த்த கோபுரம் சாயங்காலம் வலது பக்கம் நிற்கிறது?"

"அதே கோபுரம்தான் மகாராஜா. ஆறு சுத்திக்கிட்டு வருது," என்றான் ஓடக்காரன் இருளப்பன்.

மூன்றாம் நாள் கடலைத் தொடுவதற்குள் கூடக் கொண்டுபோன பாயசம் புளித்துவிட்டது. ராஜா திரும்பி வந்து, நேர்கோடன் என்ற மந்திரவாதியை அழைத்தார். அவன் கோலைத் தட்டினான். சுருண்டு கிடந்த நூலைச் சுண்டி இழுத்தாற்போல் ஆறு நேராகிவிட்டது.

ராஜாவுக்கு ஆனந்தம், அரை நாளில் கடல். ஆனால் வேகமாய்ப் போன வெள்ளம் வண்டலை இறக்கவில்லை. மீனுக்கு முட்டையிட ஒதுக்கமில்லை. மீனில்லாத ஆற்றில் நாரைக்கு என்ன வேலை? கிணறுகள் வற்றின. கடைசியில், வழி நேராயிருக்கிறதே என்று கடலும் உப்பைச் சுமந்துகொண்டு ஆற்றுக்குள் ஏறி வந்தது.

இருளப்பன் மந்திரவாதியிடம் போய், "சாமி, ஆத்தை அவிழ்த்து விடுங்க," என்று கேட்டான்.

"உனக்கு வளைவுதானே வேண்டும்? நீயே வளைந்து வளைந்து நீந்து," என்று அவனை நீர்நாயாக்கிவிட்டான் நேர்கோடன். "அடுத்த ஆடிப்பெருக்குக்குள் மந்திரமில்லாமல் இந்த ஆறு மூன்று முறை வளைந்தால் நீ மனிதன். இல்லாவிட்டால் பேச்சும் மறந்து, பெண்டாட்டியும் மறந்து, இப்படியே கிட."

இருளப்பன் பெண்டாட்டி சிலம்பாயி கோரை அறுத்துப் பாய் முடைகிறவள். அந்தக் கரைப் பெண்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. எவ்வளவு அறுத்தாலும் ஒரு பிடிக் கோரையை விட்டு வைப்பார்கள், அது ஆற்றுக்கு. இப்போது எல்லாக் கோரையையும் வெள்ளம் அடித்துக்கொண்டு போய்விட்டது. ஆறு நேரானபோது பழைய வளைவொன்று குட்டையாய்த் தனித்து நின்றுவிட்டது, அதில் அவள் விட்டு வைத்த ஒரு பிடி மட்டும் மிஞ்சியிருந்தது.

அதிலிருந்து கொஞ்சம் வேரோடு பெயர்த்து ஆற்றில் நட்டாள். "மெல்லப் போ தாயே, இருந்துவிட்டுப் போ," என்று கும்பிட்டாள். ஆறு பிடுங்கிக்கொண்டு போனது. கல்லைக் கட்டி நட்டாள். "மெல்லப் போ தாயே, இருந்துவிட்டுப் போ." கல்லோடு போனது.

நீர்நாய் தலையை நீட்டியது. "ஏ புள்ள, ஆத்தோட மல்லுக்கா நிக்கிற? புகுந்த வீட்டுக்கு வந்த மருமக மாதிரி ஓரமா ஒண்டி இடம் பிடி. என் தோணிய முக்கிப் போடு. அதுக்குப் பின்னால நடு."

"உங்க தோணியாச்சுங்களே. நாளைக்கு மனுசனா வந்து எதை ஓட்டுவீங்க?"

"முதல்ல மனுசனா வர வழியப் பாரு."

தோணியில் கல் ஏற்றிக் கரையோரமாய்ச் சாய்வாக மூழ்கடித்தாள். அதன் பின்னே தண்ணீர் தயங்கியது. மீதிக் கோரையை அங்கே நட்டாள். "மெல்லப் போ தாயே, இருந்துவிட்டுப் போ."

இந்த முறை ஆறு இருந்துவிட்டுப் போனது. மூன்றாம் நாள் விரற்கடை வண்டல். மூன்றாம் மாதம் பச்சைத் திட்டு. திட்டு வளர வளர, ஆறு ஒதுங்கி எதிர்க்கரையை அரித்து வளைந்தது. அங்கே மோதித் திரும்பியதில் கீழே இரண்டாம் வளைவும் விழுந்தது. மூன்றாவது வளைவு வரவேண்டிய இடத்தில் ராஜாவின் தோட்டத்துக் கற்சுவர் நின்றது.

ஆடி பிறந்துவிட்டது. நீர்நாய் முதலில் ஓடப்பாட்டை மறந்தது. பிறகு ஊர்ப்பெயரை மறந்தது. ஒரு காலையில் அவளைப் பார்த்து, "நீ யாரு தாயி?" என்று கேட்டது.

சிலம்பாயி ஈரச்சேலையோடு அரண்மனைக்கு ஓடினாள். ராஜா பாயசக் கிண்ணத்தைத் தள்ளிவிட்டு உட்கார்ந்திருந்தார். வற்றாமல் மிஞ்சிய கிணற்றுத் தண்ணீரெல்லாம் உப்பு, பாயசமும் உப்பு.

"மகாராஜா, தோட்டத்துச் சுவரை ஆத்துக்கு விட்டுக்கொடுங்க. நல்ல தண்ணியும் திரும்பும், என் வீட்டுக்காரரும் திரும்புவாரு."

"தோட்டம் போய்விடுமே அம்மா."

"இந்தக் கரை போனா அந்தக் கரை வளரும். ஆறு எதையும் தன் வீட்டுக்கு எடுத்துப் போறதில்லைங்க. இடம் மாத்தித்தான் வைக்கும்."

ராஜா இன்னொரு வாய் பாயசத்தை எடுத்தார். துப்பினார். கடப்பாரையைக் கேட்டு வாங்கி, முதல் கல்லைத் தாமே பெயர்த்தார்.

ஆடிப்பெருக்கன்று புதுவெள்ளம் வந்தது. சுவர் இருந்த இடத்தில் முட்டி, மண்ணைக் கரைத்து, ஆறு மூன்றாம் முறை வளைந்தது. அந்த நொடியே நேர்கோடன் கையிலிருந்த கோல் கதிரரிவாள் மாதிரி வளைந்தது. அதற்கப்புறம் அது எந்த மந்திரத்துக்கும் உதவவில்லை. அவனை யாரும் விரட்டவில்லை. கோரை அறுக்கக் கூட்டிக்கொண்டார்கள்.

இருளப்பன் தலையைச் சிலுப்பிக்கொண்டு மனிதனாய்க் கரையேறினான். சிலம்பாயி அழுத முகத்தைத் துடைத்துக்கொண்டு, "என்னங்க, நான் யாருன்னு தெரியுதா?" என்றாள்.

"தெரியாம என்ன? சோறு இருக்கா சிலம்பாயி? மீனு மட்டும் வேண்டாம். ஒரு வருசமா அதைத்தான் தின்னேன்."

ராஜா அவனுக்குப் புதுத் தோணி கொடுத்தார். பழைய தோணி கோரைத் திட்டுக்கு அடியில் இன்னும் கிடக்கிறது. அதன்மேல் நாரைகள் நிற்கின்றன. அந்த ஆற்றைப் போல் நீங்களும் போகிற இடமெல்லாம் கொஞ்சம் நல்லதை இறக்கி வைத்துவிட்டு, நிதானமாய்ப் போய்ச் சேருங்கள், கண்ணுகளா.