சொர்ணத்தாயின் வலது கை

போலீஸ் பயிற்சிப் பள்ளியில் இருபத்திரண்டு வருடம் டிரில் சொல்லிக் கொடுத்தவர் ஆதிலிங்கம். ஓய்வுக்குப் பிறகு ஆஸ்பத்திரியின் மறுவாழ்வுப் பிரிவில் சேர்ந்து, தன்னைவிட இருபது வயது இளையவரான பிசியோதெரபிஸ்ட் நிலோஃபரிடம் வேலை கற்றுக்கொண்டிருந்தார்.

மூன்று வாரமாக சொர்ணத்தாய் அவர் பொறுப்பு. பக்கவாதத்தில் வலது பக்கம் விழுந்துபோன ஐம்பது வயதுக்காரி. கால் நடக்கத் தொடங்கிவிட்டது. கை மட்டும் நெஞ்சுக்கு மேலே எழவில்லை.

"கையை மேலே! இன்னும் மேலே! ஒண்ணு, ரெண்டு..."

"ஏட்டையா, நான் எந்த வீட்டுலய்யா களவாண்டேன்? விடிஞ்சதுல இருந்து கையத் தூக்கு, கையத் தூக்குங்கியளே!"

பக்கத்துக் கட்டிலில் இருந்தவர்கள் சிரித்தார்கள். ஆதிலிங்கம் சிரிக்கவில்லை. ஃபைலில் எழுதினார்: நோயாளியிடம் முயற்சி இல்லை.

மறுநாள் பெரிய டாக்டர் வருவார். முன்னேற்றம் இல்லாதவர்களை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, காத்திருப்பவருக்குக் கட்டிலைக் கொடுப்பது அங்கே வழக்கம். சொர்ணத்தாயின் ஊரில் இந்தச் சிகிச்சை கிடையாது. போனால், கை அவ்வளவுதான்.

நிலோஃபர் ஃபைலை வாசித்தார்.

"தோள் எப்படி இருக்கு, அண்ணே?"

"நல்லா இளகியிருக்கு, மேடம். நான் தூக்கினா காது வரைக்கும் போகுது. அவங்களாத்தான் தூக்க மாட்டேங்கிறாங்க."

"இளக வச்சது நீங்க. அது சின்ன வேலை இல்லை."

சொல்லிவிட்டு வெளியே போனவர், ஆஸ்பத்திரிக் காப்பகத்திலிருந்து தன் எட்டு மாதக் குழந்தையைத் தூக்கி வந்தார். சொர்ணத்தாய்க்கு எதிரே உட்கார்ந்து மடியில் வைத்துக்கொண்டார்.

"அக்கா, ரெண்டு நாளா பால் குடிக்க மாட்டேங்கிறா. நைநைன்னு ஒரே அழுகை."

"இப்படிச் சிங்காரிச்சுத் தூக்கிட்டு அலைஞ்சா? ஊர்க்கண்ணு பூரா பிள்ளை மேலதான இருக்கும்!"

சொர்ணத்தாய் இரண்டு கையாலும் குழந்தையின் கன்னத்தை வழித்தார். இடது கை தன் நெற்றிப்பொட்டுக்குப் போய் நெட்டி முறித்தது. சடசடவென்று நாலு விரல். வலது கை நெஞ்சருகே நின்றுவிட்டது.

ஆதிலிங்கம் ஓரடி முன்னால் வந்தார்.

அந்தக் கை நடுங்கியபடி எழுந்தது. மோவாயைத் தாண்டியது. காதோரம் வந்தது. விரல்கள் மடங்கிப் பொட்டில் அழுந்தின.

ஒரே ஒரு நெட்டி முறிந்தது.

ஆயிரம் பூட்ஸ் ஒன்றாகத் தரையில் விழும் சத்தம் பழகிய காது ஆதிலிங்கத்துடையது. இந்தச் சின்னச் சத்தத்துக்கு அவருக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. சொர்ணத்தாயோ ஒன்றும் நடக்காததுபோலக் குழந்தையைக் கொஞ்சிக்கொண்டிருந்தார்.

ஆதிலிங்கம் ஃபைலைத் திறந்து, தான் எழுதிய வரியை அடித்தார். வராந்தாவில் நிலோஃபரை நிறுத்தினார்.

"மூணு வாரமா நான் சொல்லியும் தூக்காத கையை, உங்களுக்கு மட்டும் எப்படி மேடம் தூக்கினாங்க?"

நிலோஃபர் குழந்தையைத் தோள் மாற்றிக்கொண்டார்.

"அவங்க எங்கே அண்ணே கையைத் தூக்கினாங்க? என் பிள்ளைக்குக் கண்ணு கழிச்சாங்க."