ஆவரங்கோட்டைச் சிறையில் ஒரு கல்யாணம்

ஆவரங்கோட்டைப் பாளையத்தில் ஒரே திருட்டுக்கு இரண்டு சட்டங்கள் இருந்த காலம் அது. ஊர்க்காரன்மேல் பழி விழுந்தால், கண்ணால் கண்ட சாட்சிகள் இருவர் வர வேண்டும். குறவன்மேல் விழுந்தால் சாட்சியே வேண்டாம். தான் திருடவில்லை என்று அவனே நிரூபிக்கும்வரை சிறை.

ஒருநாள் நடுப்பகலில் பாளையக்காரரின் லாயத்திலிருந்து குதிரையின் வெள்ளிக் கழுத்தணி காணாமல் போயிற்று. அன்று காலை கொளஞ்சி என்னும் குறவன் கூடை விற்றபடி அந்த வழியே போயிருந்தான். அது போதாதா? காட்டில் தேன் எடுத்துத் திரும்பியவனை அப்படியே பிடித்து அடைத்துவிட்டார்கள். தனியாகக் காட்டில் இருந்தவன் சாட்சிக்கு எங்கே போவான்? தேனீக்களையா கூட்டி வருவான்? மூன்றாம் நாள் அவன் மகள் பூவாத்தாளுக்குக் கல்யாணம் வேறு.

சிறைக் காவலன் பெரியகருப்பனுக்கு மனசு கேட்கவில்லை. “கல்யாணத்தன்னிக்குக் கதவைத் தெறந்து விடுறேன். தாலி கட்டினதும் ஓடியாந்துரு” என்றான். தெரிந்தால் அவன் முதுகில் கசையடி விழும். கொளஞ்சி அவன் கையைப் பிடித்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டான்.

மறுநாள் கொளஞ்சியின் சிநேகிதன், குயவன் சங்கிலியாண்டி, வழக்கு விசாரிக்கும் சாவடிக்குக் கிளம்பினான். திருட்டு நடந்த நேரத்தில் கொளஞ்சி தன் சூளையில் மண் மிதித்துக்கொண்டிருந்ததாகச் சத்தியம் செய்யத் துணிந்திருந்தான். பொய்தான். ஆனால் ஊர்க்காரன் சொல், உடனே எடுபடும்.

சாவடி வாசலில் கொளஞ்சியின் மனைவி வெள்ளச்சி அவனை மறித்துத் திருப்பி அனுப்பினாள். நேரே சிறைக்கு வந்து, கதவைத் திறக்க வேண்டாம் என்று காவலனிடமும் சொல்லிவிட்டாள்.

கொளஞ்சி கொதித்துப் போனான். “வாசல் வரைக்கும் வந்த விடுதலையை நீயா தடுத்தே? பெத்த மக கல்யாணத்தை நான் பாக்க வேணாமா?”

“சங்கிலி அண்ணன் சொன்னா பொய்யும் செல்லும். நீ சொன்னா நெசமும் செல்லாது. நாளைக்கு நம்ம மருமகனைப் பிடிச்சா நான் யாரைத் தேடி ஓடுறது?”

அன்று கொளஞ்சி ஒரு கவளமும் உண்ணவில்லை.

மூன்றாம் நாள் விடிந்ததும் சிறை வாசலில் மேளச் சத்தம் காதைப் பிளந்தது. குறவர் குடி மொத்தமும், இருநூறு பேர், சோற்றுப் பானைகளோடும் மாப்பிள்ளை பெண்ணோடும் வந்து நின்றது.

“நாங்களும் திருடலைன்னு நிரூபிக்க முடியாது. எங்களையும் அடைச்சிருங்க!” என்றாள் வெள்ளச்சி.

சட்டப்படி மறுக்க வழியில்லை. பத்துப் பேருக்குக் கட்டிய சிறையில் இருநூறு பேர் புகுந்தார்கள். கம்பிகளில் மாவிலைத் தோரணம் ஏறியது. தாலி கட்டும்போது கொளஞ்சி அழுதான், சிரித்தான், பிறகு இரண்டையும் சேர்த்துச் செய்தான்.

சத்தம் கேட்டுப் பாளையக்காரர் விரைந்து வந்தார். “இது என்ன கூத்து?”

வெள்ளச்சி கும்பிட்டாள். “சாமி, ஒண்ணே ஒண்ணு கேக்குறேன். அந்தக் கழுத்தணியை நீங்க எடுக்கலைன்னு உங்களால நிரூபிக்க முடியுமா?”

மேளம் நின்றது. அன்று நடுப்பகலில் தாம் எங்கே இருந்தோம் என்று பாளையக்காரர் யோசித்தார். தனியாகத்தான் இருந்தார். திடீரென்று வயிறு குலுங்கச் சிரித்தார். அந்த இடத்திலேயே குறவருக்கான தனிச் சட்டத்தை நீக்கினார். சாட்சி இல்லாததால் கொளஞ்சி விடுதலை ஆனான். கழுத்தணி கடைசிவரை கிடைக்கவேயில்லை.

விருந்து முடிந்தது. முதல் தாம்பூலத் தட்டோடு கொளஞ்சி எழுந்தான். கடமையை மீறத் துணிந்தான் காவலன். பொய்ச் சத்தியத்துக்குத் துணிந்தான் நண்பன். கைக்கு எட்டிய விடுதலையைத் தட்டிவிட்டாள் மனைவி. இந்த மூவரில் யார் செய்தது சரி? முதல் தாம்பூலம் யாருக்கு?

விடை: காவலனும் குயவனும் காட்டியது உயர்ந்த அன்பு, சந்தேகமில்லை. ஆனால் அந்த அன்பால் வெளியே வரக்கூடியவன் கொளஞ்சி ஒருவன்தான். சட்டம் அப்படியே இருந்து அடுத்த குறவனுக்காகக் காத்திருக்கும். வெள்ளச்சி இரக்கம் கேட்கவில்லை. தன் கணவன் நல்லவன் என்றுகூட வாதாடவில்லை. ஊராருக்கு உள்ள அதே நியாயத்தைக் கேட்டாள். அவள் செய்ததே சரி. கொளஞ்சி தட்டை அவளிடம்தான் நீட்டினான். முதலில் கைதட்டியவர்கள் பெரியகருப்பனும் சங்கிலியாண்டியும்.