காது வெச்ச கடியாரம்

தூக்கணாங்கரைன்னு ஒரு ஊர்ல ஒரு ராசா இருந்தானாம். அவனோட அரண்மனைக் கோபுரத்துல ஒரு கடியாரம் இருந்துச்சாம். நம்ம வீட்டுக் கடியாரம் மாதிரி முள்ளு, நம்பரு எல்லாம் கிடையாது. வெங்கலத்துல பெரிசா ஒரு காது, அவ்வளவுதான். அந்தக் காதுல என்ன சொல்றாங்களோ அதைக் கேட்டுக்கிட்டு 'ஙொய்ங்'னு ஒரு சத்தம் போடும். அந்தச் சத்தம் எட்டுற தூரம் வரைக்கும் நேரங்காலமெல்லாம் அந்தப் பேச்சுக்குக் கட்டுப்படும். சிரிக்காதீங்க, அந்தக் காலத்துல இருந்துச்சு.

அதுகிட்ட பேசுறதுக்குன்னே காத்தாயின்னு ஒருத்தி இருந்தா. காலையில வந்து காதுகிட்ட குனிஞ்சு, "வாய்யா, வா"ம்பா. ஙொய்ங்! பொழுது விடியும். உச்சிவேளையில, "உக்காருய்யா, ஒரு வாய் சாப்பிடு"ம்பா. ஙொய்ங்! வெயிலு கொஞ்ச நேரம் நிதானமா நிக்கும். சாயங்காலம், "போயிட்டு வாய்யா"ம்பா. ஙொய்ங்! பொழுது சாயும். போயிட்டு வான்னு சொல்லி அனுப்புனதால, போன பொழுது மறுநாள் வந்துச்சு, போன மாம்பழம் மறு சித்திரைக்கு வந்துச்சு, போன மழை மறு ஐப்பசிக்கு வந்துச்சு. என்ன காலம் அது! நெனச்சாலே நெஞ்சு குளுந்து போகுது.

காத்தாயிக்கு ஒரே மக, பூவாத்தா. தையில கல்யாணம் கட்டிக் கொடுத்தாச்சு. புதுப்பொண்ணை ஆடி மாசம் தாய்வீட்டுக்கு அழைச்சிட்டு வரணுமில்ல? ஆனி கடைசி நாள் அவ அப்பன் வண்டி கட்டிக்கிட்டு அழைக்கப் போயிருந்தான். காத்தாயி கோபுரத்துல இருந்து பாக்குறா, தூரத்துப் புளியமரத்துக்கிட்ட வண்டி வருது, உள்ளேயிருந்து ஒரு மஞ்சச்சேலை கையாட்டுது. இவளுக்குக் கண்ணு கலங்கிப் போச்சு.

அன்னிக்குத்தான் ராசாவுக்குப் பொறந்தநாளு. எண்ணெய் தேய்ச்சுக் குளிச்சுட்டுக் கண்ணாடி பாத்தானா, ஒரே ஒரு நரைமுடி! அவ்வளவுதான், தாம்தூம்னு குதிச்சுக்கிட்டு கோபுரம் ஏறினான். பின்னாலயே சமையக்காரன் அடுப்பும் வாணலியுமா வர்றான், பொறந்தநாள் முறுக்குன்னா ராசாவுக்கு உசுரு.

"ஏ காத்தாயி! நீ தெனம் வா வான்னு கூப்புடுறதாலதான் எனக்கு வயசாகுது. இனிமே கடியாரத்துக்கிட்ட நான்தான் பேசுவேன். வெளியே நட!"

"மகராசா, அதை அதட்டக் கூடாதுங்க. விருந்தாளிகிட்ட பேசுற மாதிரி பேசணும். அதட்டுனா, அதட்டுனவங்க காலத்தைத்தான் மொதல்ல எடுத்துக்கும். நான் போயிட்டு வரேனுங்க."

"என்ன வரேன்? போ!"ன்னு சொல்லிக் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டுட்டான்.

அப்புறம் என்ன பண்ணினான்? காதுல வாயை வெச்சு, "நில்லு!"ன்னான். ஙொய்ங்!

எல்லாம் நின்னு போச்சு. ஒலையில அரிசி வேகல. தொட்டில்ல அழுத பிள்ளை அழுகையை நிறுத்தல. கோபுரத்துப் படியில காத்தாயி இறங்குறா, இறங்குறா, இறங்குறா, படி தீரல. அங்கே மாடு நடக்குது, நடக்குது, நடக்குது, வண்டி புளியமரத்தைத் தாண்டல. மஞ்சச்சேலை கையாட்டுது, இவளும் கையாட்டுறா, கை வலிச்சுப் போச்சு. கண்ணுக்கு முன்னால மக, கைக்கு எட்டல. இதைவிடப் பாவம் உண்டா, சொல்லுங்க.

உள்ளே ராசா வாணலியப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கான். முறுக்கு எண்ணெயில மெதக்குது, வெள்ளை வெள்ளேன்னு. "வெந்துச்சா?" "இல்லீங்க." "வெந்துச்சா?" "இல்லீங்க." "வெந்துச்சாடா?" "நீங்கதானே நில்லுன்னீங்க!" ராசாவுக்கு எச்சில் ஊறி ஊறி வயிறு எரிஞ்சுது, பொறுக்க மாட்டாம கடியாரத்தைப் பாத்து, "போ!"ன்னு கத்தினான்.

ஙொய்ங்! தலை முச்சூடும் நரைச்சுப் போச்சு. அங்கே வண்டி வந்த வழியே திரும்பிருச்சு.

"அடச்சீ, போன்னா போ!" ஙொய்ங்! பொலபொலன்னு பல்லு கொட்டிருச்சு. வண்டி வாய்க்காலைத் தாண்டிப் போகுது.

"போய்த் தொலை!" ஙொய்ங்! முதுகு வில்லா வளைஞ்சுது. வண்டி வளைவுல மறையப் போகுது, "அம்மா!"ன்னு ஒரு குரல் மட்டும் கேக்குது.

காத்தாயிக்கு உசுரே போயிருச்சு. மேலே ஓடிக் கதவைத் தட்டோ தட்டுன்னு தட்டினா. கெழட்டு ராசா நடுங்கிக்கிட்டே தாழ்ப்பாளைத் தொறந்தான். அவ கடியாரத்தைக் கட்டிப் புடிச்சு, அழுகையை அடக்கிக்கிட்டு, மெதுவா, "கோவிச்சுக்காதய்யா. போயிட்டு வா"ன்னா.

ஙொய்ங்! வண்டி திரும்புச்சு. பொழுது சாஞ்சுது, ஒலை கொதிச்சுது, பிள்ளை தூங்குச்சு. படி தீந்துது. கீழே பூவாத்தா நிக்கிறா.

முறுக்கும் வெந்துச்சு, நல்லாச் செவக்க. ஆனா கடிக்கப் பல்லு எங்கே?

"காத்தாயி, என் வருசமெல்லாம் எங்கேடி?"

"நீங்க போன்னுதானே சொன்னீங்க மகராசா? வான்னு சொல்லலையே!"

அப்புறம் ஆடி முடிஞ்சு மக புருசன் வீட்டுக்குக் கெளம்புற நாள் வந்துச்சு. காத்தாயி கோபுரம் ஏறினா. காதுகிட்ட குனிஞ்சா. 'நில்லு'ங்கிற வார்த்தை நாக்கு நுனி வரைக்கும் வந்துருச்சு. ஒரு வார்த்தை சொன்னாப் போதும், மக போகமாட்டா. பாவி, பெத்தவ மனசு இல்லியா? அப்புறம் கண்ணைத் தொடைச்சுக்கிட்டு, "போயிட்டு வாய்யா"ன்னா. கீழே வண்டியில இருந்து பூவாத்தா, "போயிட்டு வரேம்மா!"ன்னு கத்துனா.

அதனாலதான் சொல்றேன், வாசப்படி தாண்டும்போது மொட்டையா 'போறேன்'னு சொல்லாதீங்க. கேட்டுக்கிட்டு ஒரு காது எங்கேயோ இருக்கு.

தண்ணியில ஊறின முறுக்கு ராசாவுக்கு, வண்டியில வந்த மக காத்தாயிக்கு, கண்ணுல வந்த தூக்கம் உங்களுக்கு.