ஒருவரைக்கூடக் கைது செய்யவில்லை

“செல்லாத சட்டம் என்று நன்றாகத் தெரிகிறது. பிறகு எதற்குக் கோர்ட்டில் போய்க் கைகட்டி நிற்க வேண்டும்?” என்று கொதித்தார் அறவாழி. “நான் சந்தையில் நின்று பேசுகிறேன். பிடித்துப் போகட்டும்.”

தலைமையாசிரியராக ஓய்வு பெற்றபின் சட்டம் படித்தவர் அவர். தன்னைவிட வயதில் மிக இளையவரான வழக்கறிஞர் சுலைகாவிடம் தொழில் கற்க வந்திருந்தார்.

“நீங்க ஜெயிலுக்குப் போயிடுவீங்க சார். மத்தவங்க?” என்றார் சுலைகா.



சாயக் கழிவு கலந்து ஆறு கெட்டுக்கொண்டிருந்தது. அதைப் பற்றி யார், எங்கே வாய் திறந்தாலும் சிறை என்று புதுச் சட்டம் வந்திருந்தது. அதன்படி யார்மேலும் வழக்குப் போடக் கூடாது என்று தடை கேட்டு, சுலைகா உயர் நீதிமன்றம் போனார்.

அரசு வழக்கறிஞர் சிரித்தார். “இதுவரை ஒருவரைக்கூடக் கைது செய்யவில்லை, மை லார்ட். அடிக்கும் முன்பே அழுகிறார்கள்.”

“நியாயம்தானே?” என்றார் நீதிபதி. “சரி, ஆற்றில் அப்படி என்னதான் இருக்கிறது?”

சுலைகா பேசவில்லை.

“உங்களைத்தான் கேட்கிறேன்.”

சுலைகா திரும்பி, ஓரமாக நின்ற இன்ஸ்பெக்டரைப் பார்த்தார். “சொல்லலாமா?”

இன்ஸ்பெக்டர் நெளிந்தார்.

“கேட்பது நான்!” நீதிபதியின் குரல் உயர்ந்தது. “சொல்லாவிட்டால் மனுவைத் தள்ளுபடி செய்வேன்.”

“செய்யுங்கள், மை லார்ட். சட்டத்தில் ‘எங்கேயும்’ என்று இருக்கிறது. இந்த அறையையும் விட்டுவைக்கவில்லை.”

சுலைகாவுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த அறவாழி பதறினார். ஒரு வார்த்தை சொன்னால் போதுமே! தானே சொல்லிவிட வாயெடுத்தார். இன்ஸ்பெக்டரின் கண் தன்மேல் விழுந்தது. நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது.

சந்தையில் மற்றவர்கள் ஏன் வாய் திறப்பதில்லை என்று அப்போதுதான் அவருக்குப் புரிந்தது.

நீதிபதி இன்ஸ்பெக்டரிடம் கேட்டார்: “இவர் சொன்னால் என்ன செய்வீர்கள்?”

“கேஸ் போடணுங்க ஐயா.”

“இவர்மேல்?”

“இவங்க மேல…” இன்ஸ்பெக்டர் நீதிபதியைத் தயக்கத்தோடு பார்த்தார். “பேசச் சொல்லிக் கேட்டவங்க மேலயும் போடணும்னு இருக்குங்க ஐயா.”

அரசு வழக்கறிஞரின் சிரிப்பு நின்றது.

நீதிபதி பேனாவை எடுத்தார். “இந்தச் சட்டப்படி யார்மேலும் நடவடிக்கை கூடாது. இடைக்காலத் தடை.” நிமிர்ந்தார். “இப்போது சொல்லுங்கள்.”

சுலைகா உட்கார்ந்துவிட்டார். “நீங்க சொல்லுங்க சார்.”

அறவாழி எழுந்தார். “ஆற்றில்…” குரல் உடைந்தது.

தொண்டையைச் செருமிக்கொண்டு, வெளியே வராந்தா வரைக்கும் கேட்கும்படி மறுபடி ஆரம்பித்தார்.