மரியசூசையின் பெட்டி

குன்னூரில் பெரிய மனிதர்கள் கூடி ஒருவரையொருவர் சகோதரர் என்று அழைத்துக்கொள்ளும் சங்கம் ஒன்று இருந்தது. அதன் வாசலை முப்பது வருஷம் காத்த மரியசூசை இறந்துபோனார். அழுது வீங்கிய கண்களோடு அவர் மனைவி ஆரோக்கியம் சங்கத் தலைவர் ஞானாபரணத்தின் முன்னால் வந்து நின்றாள். ஓய்வுபெற்ற ஜட்ஜான அவர் பேச்சுக்கு ஊரில் மறுபேச்சு கிடையாது.

"ஐயா, அவர் சவப்பெட்டியைத் தூக்க நாலு பேர் வரணும்."

"சகோதரன் பெட்டியைச் சகோதரன்தான் தூக்கணும். அது எங்க சட்டம். உன் புருஷன் வேலைக்காரன். அவனைச் சகோதரனா ஏத்துக்கிட்ட ஒரு உறுப்பினரைக் காட்டு, வர்றோம்."

ஆரோக்கியம் சுவரைக் காட்டினாள். கலெக்டர், டாக்டர், தோட்ட முதலாளி என்று காலமாகிவிட்ட பிரபல உறுப்பினர்கள் ஒன்பது பேரின் படங்கள் அங்கே மாட்டியிருந்தன.

"இவங்க ஒன்பது பேரையும் என் வீட்டுக்காரர்தான் தோள் கொடுத்துக் கல்லறை மேட்டுக்கு ஏத்தினார். மேட்டுப் பாதை வழுக்குதுன்னு அவரைக் கூப்பிட்டது நீங்கதான். அவர் சகோதரன் இல்லைன்னா, ஒன்பது தடவை சட்டத்தை மீறினது யாருங்கய்யா?"

ஞானாபரணம் எழுந்து கோட்டைக் கழற்றினார்.

"அடக்கம் எத்தனை மணிக்கும்மா?" என்று கேட்டார்.